வாயால சொல்லணும்

பருப்பு விளம்பி, அதன் மேல் நெய்யும் விட்டாயிற்று. உமையம்மை இலைக்கு மேலே இரண்டு கையையும் கவிழ்த்துப் பிடித்தாள். எந்த ஊர்ப் பந்தியிலும் இதற்கு ஒரே அர்த்தம்தான். ஆனால் புஷ்கரன் அம்மாவன் கரண்டியை எடுக்கவில்லை. மாப்பிள்ளைப் பையனுக்குத் தாய்மாமா. வேட்டியை மடித்துக் கட்டி, தோளில் துண்டைப் போட்டுக்கொண்டு, நானேதான் விளம்புவேன் என்று பிடிவாதமாக நிற்கிறார். "கை காட்டினா எங்களுக்குக் கண்ணு தெரியாது கேட்டோ," என்றார், தமிழும் மலையாளமும் அவியலாகக் கலந்த பேச்சில். "இந்த வீட்டு முறையாக்கும் இது. புது சம்பந்தி வாயால சொல்லணும். சொன்னாத்தான் கரண்டி எடுக்கும்." பக்கத்து இலையில் இருந்த அண்ணன் கோலப்பன் சிரித்துக்கொண்டே, "அவளுக்குத் தொண்டை கட்டியிருக்கு, டாக்டர் பேசப்படாதுன்னு சொல்லியிருக்காரு," என்றான். வீட்டிலிருந்து புறப்படும்போதே அவள் அண்ணனிடம் சொல்லி வைத்த பொய், பாவம், அண்ணன் அதை நிஜம் என்று நம்பித்தான் சொல்கிறான். "பிரசங்கமா பண்ணச் சொன்னேன்? ஒத்த வார்த்தை," என்றார் அம்மாவன். "அதுவும் மதின்னு மலையாளத்துல சொல்லித் தப்பிக்கப்படாது. தமிழ்க்காரங்களல்லே, அழகா தமிழில சொல்லணும்." கரண்டி இன்னொரு தடவை கவிழ்ந்தது. பருப்பு அவியலைத் தொட்டுக்கொண்டு ஓடியது. உமையம்மை கையை மடக்கிக்கொண்டு சோற்றைப் பிசைந்தாள்.

தமிழில சொல்லணுமாம்! வேறு எந்த வார்த்தையைக் கேட்டாலும் சொல்லிவிடுவாளே, இவர் போயும் போயும் அந்த வார்த்தையைக் கேட்கிறார். போதும். பச்சைப்பிள்ளைகூட பால் குடித்து முடித்தால் சொல்கிற வார்த்தை. அந்த வார்த்தைதான் இன்றைக்குப் பாறசாலையிலிருந்து காசர்கோடு வரைக்கும் ஆண்பிள்ளைகளின் செவிக்குள்ளே ஓடிக்கொண்டிருக்கிறது, அவளுடைய தொண்டையில். அவளுக்கு ஊரில் வேறு பெயர், வேலையில் வேறு பெயர். வேலையில் அவள் பெயர் 'போதும் சேச்சி'. ராத்திரிக் கதை படிக்கிறவள். கம்பிக்கதை என்று மலையாளத்தில் சொல்வார்களே, அதை வாய்விட்டு வாசித்து, மூச்சு விட வேண்டிய இடத்தில் மூச்சு விட்டு, சிணுங்க வேண்டிய இடத்தில் சிணுங்கி, பதிவு பண்ணிக் கொடுக்கிறவள். மகள் ஸ்ரீரேகாவுக்குத் தெரியாது. அண்ணனுக்குத் தெரியாது. தெரிந்தால் என்ன ஆகும் என்று யோசிக்கக்கூட வேண்டாம். இந்த நெய்யாற்றங்கரை வீட்டுக்கு மகள் வந்து வாழ வேண்டும், விபினும் அவளும் ஒரே ஆஸ்பத்திரியில் வேலை பார்த்து ஒருத்தரையொருத்தர் விரும்பி, இரண்டு வீட்டையும் சம்மதிக்க வைத்துவிட்டார்கள், இன்றைக்கு வீடு காணல், பெண் வீட்டார் மாப்பிள்ளை வீட்டைப் பார்க்க வருகிற சடங்கு, அப்பன் இல்லாத பெண்ணுக்கு அம்மா வராமல் முடியுமா? வர வேண்டியதாயிற்று. போன வாரம் நாள் குறிக்க இதே அம்மாவன் போனில் கூப்பிட்டார். இவள் ரெண்டு வாக்கியம் பேசியிருப்பாள். மறுமுனை சட்டென்று நின்று, "இது எவிடெயோ கேட்ட சப்தமாணல்லோ," என்றது. எங்கேயோ கேட்ட குரலாம்! அதற்கப்புறம் உமையம்மை ஒரு நாள்கூட நிம்மதியாகத் தூங்கவில்லை.

சாம்பார் வந்தது. முருங்கைக்காயும் தடியங்காயும் போட்டு, காயத்தின் வாசனையோடு, நல்ல சாம்பார், சும்மா சொல்லக்கூடாது. மெல்லச் சொல்லிவிட்டால் என்ன என்று தோன்றியது. காதோடு காதாக, யாருக்கும் கேட்காதபடி. அடிப் பாவி, மெல்லச் சொல்வதில்தானே நீ பேர் வாங்கியிருக்கிறாய்! அந்த வார்த்தை பேர் வாங்கினதே குசுகுசுவென்று சொன்னதால்தான். சரி, உரக்கச் சொன்னால்? உரக்கச் சொன்னால் அது லாட்டரி வண்டிக் குரல், அதுவும் இவளுடையதுதான், கரமனையிலிருந்து பாலராமபுரம் வரைக்கும் ஒலிபெருக்கியில் கேட்டது, அதை அடையாளம் கண்டவன் மற்றதையும் கண்டுபிடித்துவிடமாட்டானா? ஒரு மனுஷிக்கு ஒரு தொண்டைதான். மெல்லப் பேசினால் ஒருத்தி, உரக்கப் பேசினால் இன்னொருத்தி, நடுவில் உமையம்மை பேசுவதற்கு எந்தக் குரல் மிச்சம் இருக்கிறது? வேண்டாம் என்று சொல்லலாம். ஆனால் மங்கள காரியத்துக்கு வந்த இடத்தில், முதல் முதலாகக் கைநனைக்கிற இலையில், வேண்டாம் என்கிற சொல் வரலாமா? கோலப்பன் அண்ணனே எழுந்து திட்டுவான். இன்னும் ஒரு கரண்டி, இன்னும் ஒரு கரண்டி. அம்மாவன் அவள் முகத்தையே பார்த்துக்கொண்டு ஊற்றுகிறார். எதற்கு இப்படிப் பார்க்கிறார்? உபசாரம் பண்ணுகிறவன் இலையைத்தானே பார்ப்பான். இவர் வாயைப் பார்க்கிறார். தெரிந்துதான் கேட்கிறாரோ? தமிழில சொல்லணும் என்று அத்தனை அழுத்தமாக ஏன் சொல்ல வேண்டும்? மதி என்று சொன்னால் செல்லாது என்று ஏன் சொல்ல வேண்டும்? தவளை தன் வாயால் கெடும் என்பார்கள். அவள் ஒரு கவளத்தை வாயில் போட்டு, வாயை அடைத்துக்கொண்டாள்.

வந்து உட்கார்ந்ததுமே அவர் தன்னைப் பற்றிச் சொன்னதும் அப்படித்தான் இருந்தது. "ஞான் கம்பியில இருந்தவனாக்கும்," என்றார் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு. "முப்பது வருஷம் கம்பிதான் நமக்குச் சோறு போட்டது." உமையம்மைக்குக் காது அடைத்துவிட்டது. எலுமிச்சம்பழம் பிழிந்த நாரங்கா வெள்ளம் கொண்டு வந்து நீட்டினார்கள், வாங்கி அப்படியே கீழே வைத்துவிட்டாள். அண்ணன் சாதாரணமாக, "தந்தி ஆபீசா?" என்று கேட்ட பிறகுதான் மூச்சு வந்தது. ஆமாம், தந்தி. பழைய மலையாளத்தில் தந்திக்குக் கம்பி என்றுதான் பேர், கம்பி அடித்தான், கம்பி வந்தது, கம்பி வந்தால் வீட்டில் அழுகைதான். அதே சொல் எப்படி இந்தக் கதைகளுக்கு வந்து ஒட்டிக்கொண்டது என்று யாருக்குத் தெரியும். தமிழில் கம்பி எண்ணினால் ஜெயில், கம்பி நீட்டினால் ஓட்டம், இரண்டும் எனக்குப் பொருத்தம்தான் என்று அவள் நினைத்துக்கொண்டாள். இதிலும் கூத்து என்னவென்றால், இந்தக் கதைகளெல்லாம் இப்போது எந்த ஆப்பில் ஓடுகிறதோ, அதற்கும் தந்தி என்றுதான் இங்கிலீஷில் பேர். அம்மாவனே அதைச் சொல்லிச் சிரித்தார். "நம்ம கம்பியைப் பூட்டிட்டு, பிள்ளைகள் போன்ல வேற கம்பி திறந்திருக்கு." எல்லோரும் சிரித்தார்கள். இவள் மட்டும் சிரிக்கவில்லை. அது சும்மா ஒரு தமாஷா, அல்லது தூண்டிலா? கண்ணைச் சிமிட்டினாரா? சிமிட்டினது போலத்தான் இருந்தது. வயசானவர்களுக்குக் கண் தானாகவும் துடிக்கும்.

புளிசேரி. மஞ்சளாக, வெதுவெதுப்பாக. எந்தப் பந்தியிலும் தாணப்பன் புளிசேரிக்கென்று தனியாகச் சோறு கேட்பான். தாணப்பன் அவளுடைய புருஷன், போய்ச் சேர்ந்து வருஷம் சில ஆயிற்று. பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்தில் பத்திரிகைக் கடை வைத்திருந்தான். கயிற்றில் வாரிகை என்கிற வாரப் பத்திரிகைகள், மேலே லாட்டரிச் சீட்டு, கீழே பலகையில் பஞ்சாங்கம், அந்தப் பலகைக்கும் கீழே, ரெக்சின் துணி மூடின இடத்தில், மற்றது. மற்றது என்றுதான் பேர். வருகிறவன் நேராகக் கேட்கமாட்டான். ஒரு வாரிகையை எடுப்பான், புரட்டுவான், வானத்தைப் பார்ப்பான், பஸ்ஸைப் பார்ப்பான், அப்புறம் வேட்டி நுனியைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு, "அண்ணா, மற்றது உண்டோ?" என்பான். உள்ளங்கையளவு புத்தகம், கொச்சுபுஸ்தகம், நடுவில் ரெண்டு பின், விரல் பட்டால் மையே ஒட்டிக்கொள்ளும் மட்டக் காகிதம். எழுதினவள் பேர் யாராவது ஒரு டீச்சர், ஒரு நர்ஸ், ஒரு வீட்டம்மா. எழுதினவன் யார் என்று உமையம்மைக்குத் தெரியும், ஒரு தடவை கடையில் பார்த்திருக்கிறாள். குடையும் சந்தனப் பொட்டுமாக, டுட்டோரியலில் பாடம் சொல்லித்தருகிற ஒரு மாஷ், அடக்க ஒடுக்கமாக நின்று, "ஓடுதா?" என்று மட்டும் கேட்டுவிட்டுப் போனார். அந்த மனுஷனுக்கு என்ன கவலை! பெண் பேரைப் போட்டுக்கொண்டு, அச்சுக்குப் பின்னால் ஒளிந்துகொண்டார். அச்சுக்கு முகம் கிடையாது, தொண்டை கிடையாது, ஒரு எழுத்தைப் பார்த்து இது இன்னார் எழுத்து என்று சொல்ல முடியாது. அவர் மகளை யாரும் பெண் பார்த்துவிட்டுப் போய், அப்பன் யாரென்று மோப்பம் பிடித்திருக்கமாட்டார்கள்.

கொடுமை என்னவென்றால், தாணப்பனுக்கு மலையாளம் வாசிக்கத் தெரியாது. நாகர்கோவிலில் தமிழ் படித்தவன். பேசுவான், அட்டையில் இருக்கிற பொம்மையை வைத்துப் புத்தகம் சொல்வான், சிவப்புப் பாவாடை, குடைக்காரி, தோணிக்காரி என்று. உள்ளே என்ன இருக்கிறது என்று தெரியாமலேயே விற்றான். இருபத்திரண்டு வயதில் அவனைக் கட்டிக்கொண்டு வந்தவள், திருவனந்தபுரத்துச் சாலைக் கடைத்தெருவில் மலையாளப் பள்ளிக்கூடத்தில் பத்தாவது வரைக்கும் படித்தவள், கவிதை வாசிப்பில் பரிசு வாங்கினவள். பெண்ணுக்கு மலையாளம் வாசிக்கத் தெரியும் என்று தரகர் சொன்னதும் மாப்பிள்ளைக்கு முகம் மலர்ந்ததாம், அப்பா அதைச் சொல்லிச் சொல்லி மகிழ்ந்தார். மத்தியானம் கடையைச் சாத்திவிட்டுச் சாப்பிட வருவான். சோறு, மீன்கறி, கை கழுவிவிட்டுப் பாயில் சாய்வான். சட்டைக்குள்ளிருந்து ஒன்றை எடுத்து நீட்டுவான். "வாசி." அவ்வளவுதான். முதல் நாள் ரெண்டு வரி வாசித்துவிட்டு அவள் அழுதாள். அப்புறம் பழகிவிட்டது, எதுதான் பழகாது மனுஷனுக்கு. புத்தகத்தில் முதல் பாதியில் ராதாமணியாக இருந்தவள், பின் அடித்த நடுப்பக்கம் தாண்டினதும் சுதாமணி ஆகிவிடுவாள், அச்சுக் கோத்தவன் தூங்கியிருப்பான். அவளுக்கு அந்த இடத்தில் சிரிப்பு வரும். சிரித்தால் அவனுக்குப் பிடிக்காது. அதற்கப்புறம் வாசிக்க விடமாட்டான். ராதாமணியோ சுதாமணியோ, எல்லாப் புத்தகத்திலும் அவள் கடைசியில் மதி, மதி என்பாள். மாஷ் எழுதி வைத்த மதி, அதற்கு அர்த்தம் போதும் என்று இல்லை. இன்னும் என்று அர்த்தம். உமையம்மையின் வாயில் மலையாளம் வராது அந்த நேரத்தில், தமிழ்தான் வரும். போதும், போதும் என்பாள், நிஜமாகவே போதாமல் போன மூச்சில். தாணப்பன் சிரிப்பான். "புஸ்தகத்துல உள்ளவளும் இதைத்தான சொல்லுகா," என்பான். இத்தனை வருஷம் கழித்தும் அந்தச் சிரிப்பு நினைவு வந்தால் உடம்பெல்லாம் எரிகிறது. அவன் கெட்டவனில்லை என்று எல்லோரும் சொல்வார்கள். குடிக்கமாட்டான், அடிக்கமாட்டான், மகளைத் தோளில் வைத்துத்தான் வளர்த்தான். ஒரு சொல்லுக்கு அர்த்தம் அவனுக்குத் தலைகீழாகக் கற்றுக்கொடுக்கப்பட்டிருந்தது, கற்றுக்கொடுத்த வாய் இவளுடையது. இதை யாரிடம் போய்ச் சொல்ல முடியும்?

"உமையா, ஊமையா?" என்று அம்மாவன் கேலி பண்ணினார். கோலப்பன் அண்ணன் அதற்கும் சிரித்தான், சோறு வாயிலிருந்து தெறிக்க. ரசம், திரும்பவும் சோறு. இலை நிறைந்து வழிகிறது. கல்யாணப் பேச்சுக்கு வந்த இடத்தில் இலையில் மிச்சம் வைத்தால் அவமரியாதை, அதனால் அவள் தின்கிறாள். தின்னத் தின்ன அவர் போடுகிறார். சமையலறை வாசல்படியில் பையனின் அம்மா ரத்னம்மா நிற்கிறாள், ஒரு கையில் பப்படத் தட்டு, ஒல்லியான பெண்பிள்ளை, அதிகம் பேசாதவள், வந்ததிலிருந்து நான்கு வார்த்தை பேசியிருந்தால் அதிகம். அவளாவது வந்து தடுக்கமாட்டாளா? தாணப்பன் கடையை ஒரேயடியாகச் சாத்தினதற்குப் போன்தான் காரணம். முதலில் சிடி வந்தது, அப்புறம் கம்ப்யூட்டர்க் கடைகளில் தடுப்பு போட்ட அறைகள் வந்தன, பையன்கள் அங்கே போய் இங்கிலீஷ் எழுத்தில் மலையாளம் வாசித்தார்கள். பழைய கொச்சுபுஸ்தகங்களை யாரோ புண்ணியவான்கள் பக்கம் பக்கமாகப் படம் பிடித்துப் போட்டார்கள், இன்னும் சிலர் உட்கார்ந்து முழுக்க டைப் அடித்தார்கள், என்ன சிரத்தை! பலகைக்குக் கீழே கை விட ஆளில்லை. ரெக்சின் துணியைத் தட்டிவிட்டுத் தாணப்பன், "எல்லாத்தையும் போன் தின்னுட்டு," என்றான். அப்புறம் அவனையும் நெஞ்சுவலி தின்றுவிட்டது. ரேகா நர்சிங் படித்துக்கொண்டிருந்தாள். உமையம்மை ஷிபுவின் ஸ்டுடியோவுக்கு வேலை தேடிப் போனாள், சுவரெல்லாம் முட்டை அட்டை ஒட்டின ஒரு சின்ன அறை, லாட்டரி வண்டிக்கும் ஜவுளிக்கடைத் தள்ளுபடிக்கும் சாவு அறிவிப்புக்கும் பேசுகிற வேலை. நல்ல பையன் ஷிபு, கண்ணைப் பார்த்துப் பேசமாட்டான். ஒரு நாள் தலையைச் சொறிந்துகொண்டே, "சேச்சி, இப்ப யாரும் வாசிக்கறதில்ல, கேக்கத்தான் செய்யறாங்க. ஒரு கதை இருக்கு, இஷ்டமில்லேன்னா விட்டுருங்க," என்று காகிதத்தை மேஜையில் வைத்துவிட்டு வெளியே போய் நின்றுகொண்டான்.

அவள் வாசித்துப் பார்த்தாள். ராதாமணி! அதே தோணி, அதே மழை, அதே மூக்குத்தி. நடுவில், அட கடவுளே, ராதாமணி சுதாமணியாகிவிட்டாள். டைப் அடித்தவன் அட்சரம் பிசகாமல் அந்தப் பிசகையும் அடித்திருக்கிறான். காகிதம் போய்ச் சேர்ந்த பிறகும் அந்தத் தப்பு சாகவில்லை. அவள் சிரித்தாள், முட்டை அட்டை அறையில் தனியாக உட்கார்ந்து வயிறு வலிக்கச் சிரித்தாள், யாரும் கோபித்துக்கொள்ளவில்லை. செய்கிறேன் என்று சொல்லிவிட்டாள். இதையும் சொல்லிவிட வேண்டும், அவளுக்கு அந்த வேலை பிடித்திருந்தது. கதவைச் சாத்தினால் அவள்தான் ராணி. வேண்டாத இடத்தில் நிறுத்தலாம், தண்ணீர் குடிக்கலாம், கையை உயர்த்தினால் ஷிபு கண்ணாடிக்கு அந்தப் பக்கம் மெஷினை நிறுத்திவிடுவான், உடனே நிறுத்திவிடுவான், அதுவே அவளுக்குப் பெரிய அதிசயமாக இருந்தது. ஆனால் கடைசிப் பக்கம் வந்தபோது மதி என்று எழுதியிருந்த இடத்தில் வாய் தானாக வழுக்கியது. போதும் என்றது. இரண்டு தடவை. பாய் வாசனை வந்தது, மீன்கறி வாசனை வந்தது. திரும்ப எடுக்கலாம் என்றாள். வெளியே வந்த ஷிபுவுக்குக் காது மடல் சிவந்திருந்தது. "வேண்டாம் சேச்சி, அது அசலா இருக்கு, அப்படியே இருக்கட்டும்," என்றான். அப்படியே இருந்தது, ஊரெங்கும் பரவியது. கண்ணாடியைப் போட்டுக்கொண்டு அவள் பதிவுக்குக் கீழே கேட்டவர்கள் எழுதியிருந்ததையெல்லாம் வாசித்தாள். போதும் சேச்சி, போதும் சேச்சி, இன்னொரு தடவை சொல்லு சேச்சி. ஆயுசில் யாரும் அவளை இவ்வளவு புகழ்ந்ததில்லை. அதைப் படித்துவிட்டுக் கழிவறைக்குப் போய் வாந்தி எடுத்தாள். அத்தனை பேரும் தாணப்பன்கள். அத்தனை பேருக்கும் அந்தச் சொல் இனித்தது. இருந்தும் அடுத்த வாரம் போனாள், அதற்கடுத்த வாரமும் போனாள், ஒவ்வொரு கதையிலும் அந்தச் சொல் கட்டாயமாகிவிட்டது, கோவில் பிரசாதம் மாதிரி கேட்டு வாங்கினார்கள்.

பாயசம் வந்துவிட்டது. போளியை இலையில் விரித்து அதன்மேல் பால்பாயசம், திருவனந்தபுரத்துக்காரன் சொர்க்கம் என்று சொல்கிற சங்கதி. உமையம்மைக்குத் தொண்டை வரைக்கும் சோறு நிற்கிறது. பிளவுசு தைத்த இடத்தில் பிடிக்கிறது, வியர்க்கிறது, கண்ணில் நீர் முட்டுகிறது. "இப்பம் சொல்லும், இப்பம் சொல்லும்," என்று அம்மாவன் கைதட்டாத குறையாக நிற்கிறார், வாளி நிறையப் பாயசம், கரண்டி மேலே மேலே. போளி மிதந்தது. அவள் கையைக் கவிழ்த்தாள், பாயசம் புறங்கையில் விழுந்தது, சூடு. சிரிப்பு. எல்லோரும் சிரிக்கிறார்கள், அண்ணன் சிரிக்கிறான், ஜன்னலோரம் நின்ற யாரோ சிரிக்கிறார்கள், வெறும் விளையாட்டுத்தான், நல்ல மனுஷர்களின் விளையாட்டு, இதில் கெட்ட எண்ணம் எங்கே இருக்கிறது? தாணப்பனுக்கும்தான் கெட்ட எண்ணம் இல்லை. கையை எடுக்கச் சொல்கிறார். எடுத்தாள். இன்னொரு கரண்டி. ரேகா, மக்ளே, நீ இந்த வீட்டுக்குத்தான் வரப் போகிறாயா? கை காட்டினால் கண் தெரியாத வீட்டுக்கு? காலையில் அவள் அம்மாவின் முந்தானையைச் சரிபண்ணிவிட்டு, "அம்மா, அங்கே நல்லாப் பேசு, உன் குரலைக் கேட்டா யாருக்கும் பிடிச்சுப்போகும்," என்றாளே, என் பொன்னே! நான் பேசினாலும் உன் வாழ்வு போச்சு, பேசாவிட்டாலும் போச்சு, இந்த ஆள் ஊற்றிக்கொண்டேதான் இருப்பார், வாளி தீராது, மத்தியானம் தீராது, கதவு திறக்காது. கரண்டி திரும்ப இறங்கியது.

"போதும்!"

அது குசுகுசுப்பு இல்லை. லாட்டரி வண்டியும் இல்லை. அடிவயிற்றிலிருந்து, சோற்றையும் வருஷங்களையும் தள்ளிக்கொண்டு வந்தது. அம்மாவனின் கரண்டி அந்தரத்தில் நின்றது. அண்ணன் திரும்பிப் பார்த்தான். அந்த ஒரு நொடியில் உமையம்மை எல்லாவற்றையும் பார்த்துவிட்டாள், நின்றுபோன கல்யாணம், கதவைச் சாத்திக்கொண்டு அழுகிற ரேகா, கரமனைத் தெருவில் முதுகுக்குப் பின்னால் சிரிப்பு. அம்மாவன் வாளியைக் கீழே வைத்தார். நெற்றியைச் சுருக்கினார். முகம் மெல்ல மெல்ல விரிந்தது. "பிடி கிட்டிப்போயி!" என்று தொடையில் தட்டினார். "நாளெயாணு, நாளெயாணு, நறுக்கெடுப்பு நாளெயாணு!" என்று லாட்டரிக் குலுக்கல் அறிவிப்பைப் பாடிக் காட்டினார். "எடே, லாட்டரி வண்டியிலெ சப்தம்! அன்னைக்கு போன்ல கேட்டப்பவே நினைச்சேன், எவிடெயோ கேட்டதுன்னு. கவலைப்படாதே சம்பந்தி, உங்க சப்தத்தைக் கேட்டு எத்தனை சீட்டு வாங்கியிருக்கேன், ஒண்ணுகூட விழல்ல!" வீடே சிரித்தது. அண்ணனுக்குத் தங்கச்சி பேரில் பெருமை தாங்கவில்லை, தொண்டைவலியை மறந்தே போய், "ஆமா, அவ குரலுக்கு அப்பிடி ஒரு கிராக்கி," என்றான். உமையம்மையும் சிரித்தாள். இலையை மடக்கிவிட்டுக் கைகழுவ எழுந்தாள்.

கொல்லைப்புறத்தில் வாழைக்கு அடியில் கைகழுவும் இடம். ரத்னம்மா செம்பில் தண்ணீரோடு வந்து நின்றாள். ஊற்றினாள். உமையம்மை புறங்கையில் சிவந்திருந்த இடத்தை நீரில் காட்டினாள். உள்ளே அம்மாவன் இன்னும் நாளெயாணு பாடிக்கொண்டிருந்தார். "லாட்டரி இல்ல சேச்சி," என்றாள் ரத்னம்மா, தண்ணீரைப் பார்த்துக்கொண்டே. உமையம்மையின் கை நீருக்குள் அப்படியே நின்றுவிட்டது. "அடுக்களையில தனியா நிக்கும்போ செவியில இயர்போன் வச்சிருப்பேன், பாட்டு, பிரசங்கம், எல்லாம் கேட்பேன். ஒரு நாள் தெரியாம அது வந்திருச்சு. வந்தப்புறம் நிறுத்தல, பொய் சொல்லமாட்டேன்." செம்பு காலியானது, குனிந்து மறுபடி நிறைத்தாள். "கதைக்காகக் கேட்டேன். அந்த ஒரு இடம் மட்டும் கேட்க முடியல. அது வரும்போ ஓடிப் போயி போனை அணைச்சிடுவேன். ஆம்பிள்ளைகள் எழுதி வச்சிருக்காங்களே கீழே, வாசிச்சேன். மண்டனுங்க. அந்தப் பொம்பள நிஜமா போதும்னு சொல்லுகா, ஒருத்தனுக்கும் மனசிலாகலையேன்னு நினைச்சு அழுதிருக்கேன். விபினுக்க அச்சனுக்கும் சொன்னா கேக்காது. செத்தும் போயாச்சு, இனி என்ன."

உமையம்மை கையை இழுத்துக்கொண்டாள். இவளுக்குத் தெரிந்துவிட்டது, இனி ஆயுசுக்கும் தெரியும், ஒவ்வொரு ஓணத்துக்கும் தீபாவளிக்கும் இந்த இரண்டு கண்ணுக்கு முன்னால்தான் உட்கார்ந்து சாப்பிட வேண்டும். இது இரக்கமா, கையில் பிடித்துக்கொண்ட கடிவாளமா? நாளைக்கு ரேகா ஏதாவது எதிர்த்துப் பேசினால் இது வெளியே வருமா? அவள் ரத்னம்மாவின் முகத்தில் தேடினாள். ரத்னம்மா துண்டை எடுத்து, நீட்டாமல், தானே அவளுடைய கையைப் பிடித்து, சுட்ட இடத்தில் அழுந்தாமல் ஒற்றினாள். "நான் யார்கிட்டயும் பறயமாட்டேன். கல்யாணம் கழிஞ்சு மோள் இங்க வரட்டும்," என்றாள். "என் மகனை நான் வளர்த்தது வேற மாதிரியாக்கும். எங்க வீட்ல அவ அந்த வார்த்தையை ஒரு தடவை சொன்னா மதி. ஒரு தடவைகூட சொல்ல வேண்டி வரப்படாதுன்னுதான் என் பிரார்த்தனை."

உள்ளேயிருந்து அம்மாவன் வெற்றிலைக்குக் கூப்பிட்டார், அண்ணனும் கூப்பிட்டான். உமையம்மை வாழையைப் பிடித்துக்கொண்டு நின்று அழுதாள், குரல் வெளியே கேட்டுவிடும் என்கிற பயம் இல்லாமல், உரக்கவே அழுதாள்.